கசாவெட்டீஸ்: நடிப்பும் இயக்கமும்

அன்புள்ள ஐயா,

அமெரிக்க நடிகரும் இயக்குநருமான ஜான் கசாவெட்டீஸின் படங்களை அண்மையில் வரிசையாகப் பார்த்தேன். தன் படங்களில் யாருக்கும் வளைந்து கொடுக்காத அவர், ஹாலிவுட் வணிகப் படங்களில் தொடர்ந்து நடித்தது சமரசம்தானே? மேலும், நடிகர்களைத் தோன்றியபடி பேசவிட்டுப் படம் எடுத்தவர் என்கிறார்கள். அப்படியென்றால் அவரை இயக்குநர் என்று எப்படிச் சொல்வது?

கே., கோவை

அன்புள்ள கே.,

இரண்டாவது கேள்வியிலிருந்து தொடங்குகிறேன். நியூயார்க்கில் அவர் நடத்திய நடிப்புப் பயிற்சிப் பட்டறையில் உருவான ‘ஷேடோஸ்’ படத்தின் முடிவில், நீங்கள் பார்த்தது முன்கூட்டி எழுதாமல் அந்தக் கணத்திலேயே நடித்து உருவாக்கியது என்று ஓர் அறிவிப்பு வரும். அவரைப் பற்றிய அந்தப் பேச்சு அங்கிருந்துதான் கிளம்பியது. ஆனால் அந்தப் படத்தின் முதல் வடிவம் நிறைவளிக்காததால், காட்சிகளை எழுதி, பெரும்பகுதியை மறுபடியும் படமாக்கித்தான் 1959-இல் அவர் அதை முடித்தார். பிறகு வந்த ‘ஃபேசஸ்’ திரைக்கதைக்காகவே ஆஸ்கருக்குப் பரிந்துரைக்கப்பட்டது. வசனத்தை எழுதிக் கொடுத்துவிட்டு, அதை எப்படிச் சொல்வது, எங்கே நகர்வது என்பதை மட்டுமே அவர் நடிகரிடம் விட்டார்.

‘எ வுமன் அண்டர் தி இன்ஃப்ளுயன்ஸ்’ (1974) படத்தில், இரவு வேலை முடிந்த தொழிலாளிகளை நிக் வீட்டுக்கு அழைத்து வருகிறான். அவன் மனைவி மேபல் அத்தனை பேருக்கும் ஸ்பகெட்டி சமைத்துப் பரிமாறுகிறாள். ஒருவர் பாடுகிறார், எல்லோரும் மகிழ்ச்சியாக இருக்கிறார்கள். உற்சாகத்தில் அவள் ஒரு தொழிலாளியை நடனமாட அழைக்கிறாள். அவர் கூச்சத்தில் நெளிய, நிக் சட்டென்று அவளை அதட்டி உட்காரச் சொல்கிறான். மேசை அப்படியே அடங்கிவிடுகிறது. அவள் செய்த பிழை என்ன என்று அங்கிருக்கும் ஒருவராலும் சொல்ல முடியாது. மேபலாக நடித்த ஜீனா ரோலண்ட்ஸின் முகத்தில் அந்தக் கணத்தில் கடந்துபோவதைக் காத்திருந்து பிடிக்க, நடிகரின் உடலையும் மனத்தையும் உள்ளிருந்து அறிந்த ஒருவரால்தான் முடியும். (‘ஹஸ்பண்ட்ஸ்’ படத்தில் இதே பொறுமை சில இடங்களில் அளவு மீறிப் போகிறது என்பதையும் சொல்ல வேண்டும்.)

அவருடைய நடிப்புத் தொழிலை நான் சமரசமாகக் கருதவில்லை. 1963-இல் அவர் இயக்கிய ஒரு ஸ்டூடியோ படத்தின் தொகுப்பைத் தயாரிப்பாளர் ஸ்டான்லி கிராமர் தன் கையில் எடுத்துக்கொண்டபோது, பிறர் பணத்தில் எடுக்கும் படம் தன்னுடையதாக இருக்காது என்பதைக் கசாவெட்டீஸ் கசப்புடன் தெரிந்துகொண்டார். ‘ஃபேசஸ்’ படத்தை 1965-இல் பெரும்பாலும் தன் வீட்டிலும் மாமியார் வீட்டிலும் 16 மி.மீ. படச்சுருளில் எடுத்தார், அது 1968-இல்தான் திரைக்கு வந்தது. இடைப்பட்ட காலத்தில் நடித்த ‘தி டர்ட்டி டசன்’ அவருக்குத் துணை நடிகருக்கான ஆஸ்கர் பரிந்துரையைப் பெற்றுத் தந்தது. நடிப்பில் வந்த ஊதியம் சொந்தப் படத்துக்குப் போனது. ‘எ வுமன் அண்டர் தி இன்ஃப்ளுயன்ஸ்’ படத்துக்கு வீட்டை அடமானம் வைத்தார், நண்பர் பீட்டர் ஃபாக் தன் பணத்தைப் போட்டார், வாங்குவதற்கு விநியோகஸ்தர் கிடைக்காதபோது தாமே திரையரங்குகளைப் பேசி வெளியிட்டார்கள். அந்தப் படம் அவருக்கு இயக்குநருக்கான பரிந்துரையைத் தந்தது.

நீங்கள் ‘லவ் ஸ்ட்ரீம்ஸ்’ (1984) பார்த்தீர்களா என்று தெரியவில்லை. நடிக்கவிருந்த ஜான் வோய்ட் விலகிக்கொண்டதால் முதன்மைப் பாத்திரத்தைக் கசாவெட்டீஸே ஏற்று, தன் மனைவி ரோலண்ட்ஸுக்குச் சகோதரனாக நடித்தார். பெர்லின் திரைப்பட விழாவில் தங்கக் கரடி விருது பெற்ற படம். அவருடைய நடிப்பையும் இயக்கத்தையும் தனித்தனியாகப் பிரிக்க முடியுமா என்று அதைப் பார்த்துவிட்டு எழுதுங்கள்.