கோத்தகிரி அடுப்பில் சர்க்கரை இஞ்சி

கேள்வி: கோத்தகிரியில் இருக்கிறோம். இஞ்சித் துண்டுகளைப் பாகில் ஊறவைத்து, சர்க்கரையில் புரட்டி எடுக்கும் மிட்டாயைச் செய்து பார்த்தேன். ஒரு மணி நேரம் கொதித்தும் இஞ்சி சரியாக வேகவில்லை. தெர்மாமீட்டரில் பாகு 106 டிகிரி வந்ததும் இறக்கினேன். ஆறியதும் கடிக்க முடியவில்லை. மேலே புரட்டிய சர்க்கரையும் இரண்டே நாளில் கசிந்துவிட்டது. எங்கே பிசகு?

பதில்: உங்கள் கைப்பக்குவத்தில் குறை இல்லை. நீங்கள் பார்த்த குறிப்பு சமவெளி அடுப்புக்கு எழுதியது. சுமார் 1,800 மீட்டர் உயரத்தில் இருக்கும் கோத்தகிரியில் தண்ணீர் ஏறத்தாழ 94 டிகிரியிலேயே கொதித்துவிடும். ஊட்டியில் இன்னும் ஒன்றிரண்டு டிகிரி குறைவு. திறந்த பாத்திரத்தில் எவ்வளவு தீ வைத்தாலும் தண்ணீரின் சூடு அதற்கு மேல் ஏறாது. அதனால் முதல் வேலையைக் குக்கரிடம் விட்டுவிடுங்கள்.

அரை கிலோ இஞ்சியைத் தோல் சீவி, நாருக்குக் குறுக்காக மூன்று, நான்கு மில்லிமீட்டர் கனத்தில் வட்டமாக நறுக்குங்கள். மூழ்கும் அளவு தண்ணீர் விட்டு, முதல் விசில் வந்தபின் சிறுதீயில் கால் மணி நேரம் வையுங்கள். ஊசியால் குத்தினால் தடையில்லாமல் இறங்க வேண்டும். இறங்காவிட்டால் இன்னும் ஐந்து நிமிடம். இந்த இடத்தில் அவசரப்படவே கூடாது. அரைவேக்காட்டு இஞ்சி கெட்டிப் பாகில் விழுந்தால், சர்க்கரை அதன் நீரை உறிஞ்சித் துண்டைச் சுருக்கிவிடும். அப்புறம் எவ்வளவு கொதித்தாலும் மென்மையாகாது. குக்கரில் இஞ்சியும் தண்ணீரும் மட்டும்தான். சர்க்கரை போட்டால் நுரைத்து ஆவித் துளையை அடைக்கலாம்.

வெந்த இஞ்சியின் எடைக்குச் சமமாகச் சர்க்கரை எடுத்து, வேகவைத்த தண்ணீரிலேயே இரண்டு கப் விட்டு, அகலமான பாத்திரத்தில் கரையுங்கள். காரம் கொஞ்சம் குறைய வேண்டுமென்றால் பச்சைத் தண்ணீர் சேர்க்கலாம். எனக்கு அந்தக் காரத்தைக் கொட்ட மனம் வராது. இஞ்சியைப் போட்டு ஒரு கொதி வந்ததும் இறக்கி, மூடி, ஓர் இரவு ஊறவிடுங்கள். மறுநாள் சிறுதீயில் பாகை வற்ற வையுங்கள்.

இப்போது அந்த 106. கடல்மட்டத்தில் அது கொதிநீரைவிட 6 டிகிரி கூடுதல், கம்பிப் பதம். உங்கள் ஊரில் 106 என்றால் 12 டிகிரி கூடுதல். பாகு உருட்டுப் பதத்துக்கே போயிருக்கும். அதுதான் இறுகிவிட்டது. முதலில் வெறும் தண்ணீரைக் கொதிக்கவைத்து உங்கள் தெர்மாமீட்டர் என்ன காட்டுகிறது என்று பாருங்கள்; அதோடு 6 கூட்டிக்கொள்ளுங்கள். 94 காட்டினால் 100 போதும். இரண்டு விரலுக்கிடையே கம்பி இழுத்துப் பார்க்கும் பழைய வழக்கம் எந்த உயரத்திலும் ஏமாற்றாது, அது பாகின் கெட்டியைத்தானே பார்க்கிறது.

சர்க்கரை கசிவதற்குக் காரணம் காற்று. காற்றின் ஈரப்பதம் 85 சதவீதத்தை நெருங்கும்போது சர்க்கரை தானாகவே நீரை இழுத்துக் கரையத் தொடங்கும். இங்கே ஒரு சிக்கல் உண்டு. மிட்டாய்க்கு ஏற்றது ஐந்து, ஆறு மாத இளம் இஞ்சி. எட்டு மாதம் தாண்டி முற்றியது சுக்குக்குத்தான் நல்லது. சித்திரை, வைகாசியில் நட்டது ஐப்பசி வாக்கில் இளசாகக் கிடைக்கும். கோத்தகிரியில் வடகிழக்குப் பருவமழையும் மூடுபனியும் அப்போதுதான்.

ஆகவே இரண்டு தவணையாகச் செய்யுங்கள். ஐப்பசியில் இஞ்சியைக் கம்பிப் பதப் பாகோடு, அரை ஸ்பூன் எலுமிச்சைச் சாறு சேர்த்து, கொதிநீரில் கழுவிக் காயவைத்த கண்ணாடிப் பாட்டிலில் மூழ்க நிரப்பி ஃபிரிட்ஜில் வையுங்கள். சாறு சேர்த்தால் பாகு மறுபடி சர்க்கரையாகப் பூத்துப் போகாது. தை, மாசியில் காற்று உலர்ந்ததும் வேண்டிய அளவு எடுத்து, பாகை நன்றாக வடித்து, கம்பித் தட்டில் ஒரு நாள் காயவிட்டு, தொட்டால் லேசாக ஒட்டும்போது பருமனான சர்க்கரையில் புரட்டுங்கள். பொடித்த சர்க்கரை வேண்டாம், சீக்கிரம் நனைந்துவிடும். நாட்டுச் சர்க்கரை இன்னும் அதிகமாக ஈரம் இழுக்கும்.

மழையிலேயே வேண்டுமென்றால் எலுமிச்சைச் சாறு சேர்க்காமல் பாகை வற்றவைத்து, துண்டுகளை ஓவனில் 60 டிகிரியில், கதவைச் சற்றே திறந்து வைத்து, மூன்று நான்கு மணி நேரம் உலர்த்துங்கள். முழுக்க ஆறியபின் புரட்டி, உடனே இறுக்கமான மூடியுள்ள சிறு பாட்டில்களில் அடைத்துவிடுங்கள். பெரிய பாட்டிலை அடிக்கடி திறந்தால் பனி உள்ளே போய்விடும். மிஞ்சும் பாகு பால் சேர்க்காத கட்டஞ்சாயாவுக்கு அருமையாக இருக்கும்.