கல்லாவில் பணம் குறைகிறது. முகத்தைப் பார்த்து ஆளைப் பிடிக்கலாமா?

கேள்வி: மருந்துக்கடை வைத்திருக்கிறேன். போன சனிக்கிழமை கல்லாவில் 3,000 ரூபாய் குறைந்தது. வேலை பார்க்கும் இரண்டு பையன்களையும் கூப்பிட்டு விசாரித்தேன். ஒருவன் என் கண்ணைப் பார்க்காமல், எச்சில் விழுங்கிக்கொண்டு கழுத்தைச் சொறிந்தான். முகத்தைப் பார்த்தே பொய்யைக் கண்டுபிடிக்கும் ‘லை டு மீ’ என்ற அமெரிக்க டிவி தொடரில் வருவதுபோல அவன் முகமே காட்டிக்கொடுத்துவிட்டது. வேலையை விட்டு நிறுத்திவிடலாமா?

பதில்: அவசரப்படாதீர்கள். நீங்கள் பார்த்தது பயத்தை. பொய்யை அல்ல. முதலாளி கூப்பிட்டுத் திருட்டைப் பற்றிக் கேட்டால் எடுக்காதவனுக்கும்தான் தொண்டை வறளும். மாட்டிக்கொண்டோமே என்ற பயமும், வீண்பழி வந்துவிடுமோ என்ற பயமும் முகத்தில் ஒரே மாதிரிதான் தெரியும். இதைப் பிரித்துப் பார்க்கத் தவறுவதற்கு ‘ஒதெல்லோ பிழை’ என்று பெயர் வைத்தவர் அமெரிக்க உளவியலாளர் பால் எக்மன். வேடிக்கை என்னவென்றால், அந்தத் தொடரின் நாயகனை உருவாக்கியதே இவரை மனத்தில் வைத்துத்தான்! தொடருக்கு ஆலோசகரும் இவரே.

மறைக்கும் உணர்ச்சியைக் காட்டிக்கொடுப்பதாகச் சொல்லப்படும், அரை நொடிகூட நிற்காமல் மின்னி மறையும் முகபாவங்கள் இருப்பது உண்மைதான். ஆனால் கனடாவில் போர்ட்டர், டென் பிரிங்க் இருவரும் 697 முகபாவங்களை அலசி 2008இல் வெளியிட்ட ஆய்வில், அவை தென்பட்டது வெறும் 2 சதவீதத்தில். அதிலும் சில, உணர்ச்சியை மறைக்காமல் காட்டியவர்களிடம் வந்தவை. அந்தத் தொடரையே போட்டுக்காட்டி 2010இல் ஓர் ஆய்வு நடந்தது. பார்த்தவர்களுக்குப் பொய்யைப் பிடிக்கும் திறமை கூடவில்லை. உண்மை பேசியவர்களைச் சந்தேகிப்பதுதான் கூடியது. பொதுவாகவே நம் கணிப்பு 100க்கு 54 தடவைதான் சரியாக இருக்கும். பூவா தலையா போட்டுப் பார்ப்பதைவிடக் கொஞ்சம் மேல், அவ்வளவுதான்.

சரி, என்ன செய்யலாம்? யாரையும் கேட்பதற்கு முன்னால் அன்றைய கணக்கை ஒருமுறை உட்கார்ந்து பாருங்கள். ஜிபேயில் வந்ததை ரொக்கம் என்று பில் போட்டிருந்தாலே கல்லா குறையும். திருப்பி எடுத்த மருந்துக்குக் கொடுத்த பணம், டீக்கடைக்குக் கொடுத்தது, எல்லாவற்றையும் சேர்த்துப் பாருங்கள்.

அப்புறமும் குறைந்தால், தனித்தனியாகக் கூப்பிடுங்கள். “எடுத்தாயா?” என்று கேட்டால் “இல்லை” என்ற ஒரு சொல்லோடு முடிந்துவிடும். “சனிக்கிழமை சாயங்காலத்திலிருந்து ஷட்டர் இறக்கும்வரை என்னென்ன நடந்தது, சொல்லு” என்று கேட்டுவிட்டுக் குறுக்கிடாமல் இருங்கள். கேமரா பதிவோ பில் நேரமோ உங்கள் கையில் இருந்தால் முன்கூட்டியே காட்டிவிடாதீர்கள். அவன் சொல்லி முடித்த பிறகு ஒப்பிட்டுப் பாருங்கள். கழுத்தைச் சொறிந்தவனை மட்டுமல்ல, சொறியாமல் நின்றவனையும் இதே மாதிரி கேளுங்கள்.