'சரி' என்றால் சம்மதம் இல்லை, தம்பி

அடுத்த மாதம் கோலாலம்பூர் வருகிறேன், ஆசியான் என்கிற தென்கிழக்காசியக் கூட்டமைப்பு நாடுகளின் வர்த்தகக் குழுக்களுக்குக் கூட்டம் ஏற்பாடு செய்யும் வேலை என்று எழுதி, வாடகை எவ்வளவு, சைவச் சாப்பாடு கிடைக்குமா, மலாய் அதிகாரிகளிடம் எப்படிப் பேசுவது என்று கேட்டிருக்கிறீர்கள். வாடகையை வந்து விசாரித்துக்கொள்ளலாம். நம்மவர் கடைகள் நிறைந்த பிரிக்பீல்ட்ஸ் பகுதி இருக்கும்வரை சைவக்காரர் பட்டினி கிடக்க மாட்டார். கடைசிக் கேள்விதான் என்னைத் தூங்கவிடவில்லை.

1996-ல் ஈரோட்டிலிருந்து துணி இறக்குமதி நிறுவனம் ஒன்றுக்கு வந்தேன். வந்த புதிதில் ஒரு கூட்டம். நம் ஊர் வியாபாரிகள் பத்துப் பேர் எதிரே உட்கார்ந்திருக்க, மலாய் அதிகாரி ஒருவர் ஏதோ ஒரு கணக்கை வாசித்தார். "சார், தப்பு. அது போன வருஷக் கணக்கு" என்று நான் குரல் கொடுத்தேன். கெட்டிக்காரன் என்று நினைப்பு. அவர் சிரித்தார். 'தாக் ஆபா' என்றார், பரவாயில்லை என்று அர்த்தம். என் காதில் அது 'தாப்பா' என்று விழுந்தது. எதைத் தரச் சொல்கிறார் என்று விழித்தேன்.

அவரிடமிருந்து வரவேண்டிய கடிதம் ஒரு மாதமாகியும் வரவில்லை. போன் செய்தால் அதே இனிமையான குரல், "சரி, பார்ப்போம்."

எங்கள் அலுவலகத்தில் ஒரு பெரியவர் இருந்தார். பேராக் மாநிலத்தில் தோட்டத்துக் கிராணியின், அதாவது குமாஸ்தாவின் மகன், மூன்றாம் தலைமுறை மலேசியத் தமிழர். "முகத்துல கரியைப் பூசிட்டு கடிதாசி கேக்குறியா?" என்றார். மலாயில் முகத்தின் மானத்தை 'ஆயர் மூக்கா' என்பார்கள். சொல்லுக்குச் சொல், முகத்தின் நீர். அதை நாலு பேர் முன்னால் வற்ற வைத்தால் நீங்கள் சொன்ன கணக்கு சரியாகவே இருந்தாலும் பிரயோசனமில்லை. ஓரமாகக் கூப்பிட்டுக் காதோடு சொல்லியிருக்க வேண்டும்.

நாடுகளுக்கே இந்த அடி விழுந்திருக்கிறது என்று அவர்தான் கதை சொன்னார். 1993-ல் சியாட்டிலில் நடந்த ஏபெக் (ஆசிய-பசிபிக் பொருளாதார ஒத்துழைப்பு அமைப்பு) தலைவர்கள் கூட்டத்துக்கு அப்போதைய மலேசியப் பிரதமர் மகாதீர் போகவில்லை. ஆஸ்திரேலியப் பிரதமர் பால் கீட்டிங் அவரை 'ரிகால்சிட்ரன்ட்' என்றார், அடங்காப்பிடாரி என்கிற மாதிரி. ஆஸ்திரேலியர்களுக்கு அது போகிறபோக்கில் சொன்ன வார்த்தை. இங்கே ஆஸ்திரேலியாவோடு இருந்த வியாபாரத்திலேயே கைவைக்கப் போவதாகப் பேச்சு கிளம்பியது. கடைசியில் கீட்டிங் வருத்தம் தெரிவித்த பிறகுதான் சூடு தணிந்தது. ஆசியானிலும் இதே குணம்தான். கை தூக்கி ஓட்டெடுத்து யாரையும் தோற்கடிப்பது அங்கே வழக்கமில்லை. கலந்து பேசி, எல்லாரும் ஒத்துக்கொள்ளும்வரை இழுப்பார்கள். சாசனத்திலேயே அப்படித்தான் எழுதியிருக்கிறது. ஜவ்வு என்று சலித்துக்கொள்வீர்கள், நானும் சலித்தவன்தான். கூட்டத்துக்கு முந்தின நாள் டீக்கடையில் முடிவாகாத எதுவும் மேஜையில் முடிவாகாது என்று புரிய எனக்கு ஐந்து வருஷம் ஆனது.

பெயர் சொல்லும்போது டத்தோ, டான்ஸ்ரீ என்கிற அரச கௌரவப் பட்டங்களை விட்டுவிடாதீர்கள். வரவேற்புரையில் வரிசை மாறினாலும் வம்பு. பெயருக்குப் பின்னால் 'பின்' என்று வந்தால் அடுத்தது அப்பா பெயர், அதைச் சொல்லி அவரைக் கூப்பிடக் கூடாது. வெள்ளைக்காரர்கள் தடுமாறும் இடம் இது, இனிஷியல் போட்டு வளர்ந்த நமக்குச் சுலபம். பெண் அதிகாரி தானாகக் கை நீட்டினால் ஒழிய நீங்கள் நீட்ட வேண்டாம், வலது கையை நெஞ்சில் வைத்தால் போதும். எதையும் சுட்டுவிரலால் காட்டாதீர்கள். கட்டைவிரல்தான் மரியாதை.

அப்புறம் ஒரு விஷயம், கோபப்பட்டாலும் சொல்லிவிடுகிறேன். நம் ஊரிலிருந்து வருகிறவர்களில் சிலர் பதினைந்து வருஷம் காண்டோ என்கிற அடுக்குமாடிக் குடியிருப்புக்குள்ளேயே குடியிருந்து, நாலு மலாய் வார்த்தை தெரியாமல், "இங்கே சாம்பார் சரியில்லை" என்று புலம்பியே காலம் தள்ளுகிறார்கள். போதாக்குறைக்கு உள்ளூர்த் தமிழர் பேசும் தமிழைக் கேட்டு நமட்டுச் சிரிப்பு. காலையில் "பசியாறியாச்சா?" என்று கேட்டால் எனக்கும் சிரிப்பு வந்தது, ஒத்துக்கொள்கிறேன். இட்லி சாப்பிட்டாயா என்பதற்கு எவ்வளவு அழகான தமிழ் என்று பிறகுதான் உறைத்தது. அந்தத் தமிழர்களிடம் போய் "நீங்க இந்தியால எந்த ஊரு?" என்று ஆரம்பிக்காதீர்கள். அவர்களுக்கு ஊர் ஈப்போ, கிள்ளான், சுங்கை சிப்புட்.

என் கடிதம் என்னவாயிற்று என்று கேட்பீர்கள். நோன்புப் பெருநாள் வந்தது. பெரியவர் என்னை அந்த அதிகாரி வீட்டுக்கு அழைத்துப் போனார். பெருநாளைக்கு வீட்டைத் திறந்து வைத்து யார் வந்தாலும் சாப்பாடு போடுவார்கள். போகும் வழியெல்லாம் மன்னிப்பு வாசகத்தை மனப்பாடம் செய்துகொண்டு வந்தேன். "வாயைத் திறக்காதே, சாப்பிடு" என்றார் பெரியவர். மூங்கிலில் வேகவைத்த லெமாங் சோற்றை அதிகாரி தன் கையாலேயே என் தட்டில் வைத்தார். ஈரோட்டில் மழை எப்படி என்று விசாரித்தார். கணக்கைப் பற்றி அவரும் பேசவில்லை, நானும் பேசவில்லை. கிளம்பும்போது இரண்டு கையாலும் என் கையைப் பிடித்துவிட்டு, அதே கையை நெஞ்சில் வைத்துக்கொண்டார்.

விடுமுறை முடிந்த முதல் வாரமே கடிதம் வந்தது. தேதி மட்டும் ஒரு மாதத்துக்கு முந்தையது.