சர்க்கரைவள்ளிக்கிழங்கு கேக், நட்ஸ் ஃப்ராஸ்டிங்: உங்கள் கேள்விகளும் என் பதில்களும்

கேள்வி கேட்டவர்கள் ஆளுக்கொரு அளவில் செய்திருக்கிறீர்கள். அதனால் என் அளவை முதலில் சொல்லிவிடுகிறேன், பதில்கள் எல்லாம் இதை வைத்துத்தான்.

கேக்குக்கு: வேகவைத்து மசித்த கிழங்கு 250 கிராம், மைதா 200 கிராம், ப்ரவுன் சுகர் 160 கிராம், முட்டை 2, வாசனையில்லாத எண்ணெய் 120 மில்லி, பேக்கிங் பவுடர் 1 டீஸ்பூன், பேக்கிங் சோடா அரை டீஸ்பூன், உப்பு அரை டீஸ்பூன், பட்டைத் தூள் ஒன்றரை டீஸ்பூன், துருவிய ஜாதிக்காய் ஒரு சிட்டிகை. 8 இன்ச் வட்ட டின், 175 டிகிரி செல்சியஸ், 40 முதல் 45 நிமிடம்.

ஃப்ராஸ்டிங்குக்கு: க்ரீம் சீஸ் 200 கிராம், உப்பில்லாத வெண்ணெய் 80 கிராம், ஐசிங் சுகர் 120 கிராம், வறுத்த வால்நட் அல்லது பீக்கன் 80 கிராம்.

செய்முறையில் சிக்கல் ஏதும் இல்லை. முட்டை, சர்க்கரை, எண்ணெய் மூன்றையும் நன்றாக அடித்து, மசியலைச் சேர்த்து, சலித்த மாவுப் பொருட்களைக் கடைசியில் போட்டு மெதுவாகப் புரட்ட வேண்டியதுதான். இனி கேள்விகள்.

அக்கா, நீங்க சொன்ன அளவுலதான் செஞ்சேன். மேலே நல்லா உப்பி வந்துச்சு, வெட்டிப் பார்த்தா அடியில களி மாதிரி ஒரு பட்டை. ஓவன் கோளாறா?

ஓவனைக் குற்றம் சொல்வதற்கு முன்னால் கிழங்கை எப்படி வேகவைத்தீர்கள் என்று பாருங்கள். தோலைச் சீவி, துண்டு போட்டு, தண்ணீரில் கொதிக்கவிட்டிருந்தால் பதில் அங்கேயே இருக்கிறது. பச்சைக் கிழங்கின் எடையில் முக்கால் பங்குக்கு மேல் தண்ணீர்தான். அதைத் தண்ணீரில் போட்டு வேகவைத்தால் இன்னும் குடித்துக்கொள்ளும். அப்படிப்பட்ட 250 கிராம் மசியலும், ஓவனில் சுட்ட கிழங்கின் 250 கிராம் மசியலும் ஒன்றல்ல. தராசு ஒரே எடையைக் காட்டும், கேக் காட்டிக்கொடுத்துவிடும்.

என்னிடம் வரும் புகார்களில் பாதிக்கு மேல் இந்தத் தண்ணீர் விஷயம்தான். ஓவன், டின், மாவு எல்லாம் பிறகு. மசியலை ஒரு கரண்டியில் எடுத்துச் சாய்த்துப் பாருங்கள். வழிந்து விழுந்தால் இன்னும் தயாராகவில்லை, ஒட்டிக்கொண்டு நின்றால் சரி. வழிகிற மசியலை அடிகனமான அகலப் பாத்திரத்தில் போட்டுக் குறைந்த தீயில் கிளறுங்கள். கரண்டியால் அடியில் ஒரு கோடு இழுத்தால் அந்தக் கோடு உடனே மூடிக்கொள்ளாமல் நிற்க வேண்டும். அந்தப் பதம் வந்ததும் இறக்கி, முழுக்க ஆறவிட்டு, அதற்குப் பிறகுதான் எடை போட வேண்டும்.

குக்கர்ல வேகவைக்கலாமா மேடம்? ஒரு கிழங்குக்காக ஓவனைப் போட மனசு வரலை.

வைக்கலாம். தோலோடு, முழுசாக, தண்ணீரில் படாமல் தட்டில் வைத்து ஆவியில் வேகவிடுங்கள். வெந்ததும் உரித்து, மேலே சொன்னபடி கொஞ்சம் வற்றவிட்டுக்கொள்ளுங்கள். கேக் நன்றாகவே வரும்.

ஆனால் ஓவனில் சுட்டால் கிடைக்கும் ருசி வேறு என்பதையும் சொல்லியாக வேண்டும். சர்க்கரைவள்ளிக்கிழங்குக்குள் பீட்டா அமைலேஸ் என்ற நொதி இருக்கிறது. சுமார் 60 முதல் 75 டிகிரி வரையிலான சூட்டில் அது கிழங்கின் மாவுச்சத்தை மால்டோஸ் என்ற சர்க்கரையாக மாற்றும். கிழங்கின் நடுப்பகுதி அந்தச் சூட்டைக் கடக்க எவ்வளவு நேரம் எடுக்கிறதோ அவ்வளவு இனிப்பு. மைக்ரோவேவ் அதைச் சில நிமிடங்களில் தாண்டிவிடும், அதனால்தான் அதில் வெந்த கிழங்கு சப்பென்று இருக்கிறது. நான் ஓவனை முன்கூட்டிச் சூடாக்குவதில்லை. குளிர்ந்த ஓவனிலேயே கிழங்கை வைத்து 200 டிகிரிக்குத் திருப்பிவிடுவேன், நடுத்தர அளவுக் கிழங்குக்கு ஒரு மணி நேரத்துக்குக் கொஞ்சம் மேலே ஆகும். தோலில் முள்கரண்டியால் நாலைந்து இடத்தில் குத்திவிடுங்கள், தட்டில் பட்டர் பேப்பர் போட மறக்காதீர்கள். குத்திய ஓட்டைகளில் கருந்தேன் நிறத்தில் பாகு கசிந்து, காகிதத்தில் பிசுபிசுவென்று உறைந்திருக்கும். தோல் சதையைவிட்டு விலகி, சட்டை போல் தொளதொளவென்று நிற்கும். ஆறியதும் கத்தியே வேண்டாம், கையாலேயே உரித்துவிடலாம்.

இரண்டு கேக்குக்கான கிழங்கைச் சேர்த்துச் சுட்டு, மசித்து, பாதியை ஃப்ரீசரில் வைத்துவிட்டால் ஓவன் போட்ட செலவும் கட்டுப்படியாகும். உறைந்ததை இளக்கும்போது கொஞ்சம் தண்ணீர் பிரியும், அதை வடித்துவிடுங்கள்.

நார் நாரா வருது. மிக்ஸியில அடிச்சா போயிடுமா?

சல்லடையில் வைத்துக் கரண்டியால் தேய்த்து எடுங்கள். நார் மேலேயே தங்கிவிடும். மிக்ஸியில் அடித்தால் நார் துண்டாகுமே தவிரப் போகாது. அதிக நேரம் அடித்தால் மசியல் கொழகொழவென்றும் ஆகிவிடும்.

வெள்ளை, ஆரஞ்சு, ஊதா மூணும் கிடைக்குது. எது நல்லது? ஊதாவுல செஞ்சா கேக் ஊதாவா வருமா?

கேக்குக்கு என் ஓட்டு ஆரஞ்சுக்குத்தான். ஈரமும் இனிப்பும் நிறமும் அதில் சேர்ந்து கிடைக்கும். அந்த நிறம் பீட்டா கரோட்டினால் வருவது, ஓவன் சூட்டில் அவ்வளவாக மங்காது. வெள்ளைக் கிழங்கில் மாவுச்சத்து அதிகம், மசியல் வறண்டிருக்கும். அதற்கு இரண்டு மூன்று டேபிள்ஸ்பூன் பால் சேர்த்து இளக்கிக்கொள்ளலாம்.

ஊதாவில் கவனம் தேவை. அதன் நிறம் ஆந்தோசயனின் என்ற நிறமியால் வருவது. அது புளிப்பில் சிவப்புப் பக்கம் போகும், காரத்தில் (மிளகாய்க் காரம் இல்லை, புளிப்புக்கு, அதாவது அமிலத்துக்கு எதிரான காரத்தன்மை) நீலம், பச்சை என்று மாறும். பேக்கிங் சோடா காரம், முட்டை வெள்ளையும் காரம்தான். என் அளவில் அப்படியே ஊதாக் கிழங்கைப் போட்டால் சாம்பல் பச்சையாக ஒரு கேக் வரும். ருசி கெடாது, பார்க்கத்தான் சகிக்காது. சோடாவை விட்டுவிட்டு பேக்கிங் பவுடரை 2 டீஸ்பூனாக்கி, ஒரு டேபிள்ஸ்பூன் எலுமிச்சைச் சாறு சேருங்கள். ஊதா பெரும்பாலும் தங்கும்.

எண்ணெய்க்குப் பதில் வெண்ணெய் போட்டா இன்னும் ரிச்சா இருக்காதா?

சுடச்சுட சாப்பிடுவதாக இருந்தால் சரி. இந்தக் கேக்கின் மேல் க்ரீம் சீஸ் இருக்கிறது, ஃப்ரிட்ஜுக்குப் போயே ஆக வேண்டும். வெண்ணெய் குளிரில் இறுகும், கேக்கும் கூடவே இறுகிவிடும். எண்ணெய் போட்டது மறுநாளும் மெத்தென்று இருக்கும். வெண்ணெய் வாசனை வேண்டுமென்றால் ஃப்ராஸ்டிங்கில் போடும் வெண்ணெயில் பாதியைப் பொன்னிறமாக உருக்கி, மறுபடி இறுகவிட்டுச் சேருங்கள். வறுத்த நட்ஸோடு அது பிரமாதமாகச் சேரும்.

நாங்க முட்டை சேர்க்க மாட்டோம். வழி சொல்லுங்க தோழி.

இரண்டு முட்டைக்குப் பதில் கெட்டித் தயிர் 120 கிராம். பேக்கிங் பவுடரை ஒன்றரை டீஸ்பூனாக்குங்கள். சோடா அதே அளவு, தயிரின் புளிப்பு அதை வேலை செய்ய வைக்கும். கலந்ததும் காத்திருக்காமல் ஓவனுக்குள் வையுங்கள். ஐந்து முதல் பத்து நிமிடம் கூடுதலாகப் பிடிக்கும். முட்டை போட்டதைவிடக் கொஞ்சம் அடர்த்தியாக வரும், ஆனால் கிழங்கே மாவைப் பிடித்துக்கொள்வதால் உதிராது. முட்டையில்லாத கேக்குகளில் எனக்கு மிகப் பிடித்தவற்றில் இது ஒன்று.

குச்சி குத்திப் பார்த்தேன், சுத்தமா வந்தது. ஆனாலும் ஆறினதும் நடுவுல குழி விழுந்துடுச்சு.

கிழங்குக் கேக்கில் குச்சியை மட்டும் நம்ப முடியாது. குச்சியோடு விரலையும் பயன்படுத்துங்கள்: நடுவில் லேசாக அழுத்தினால் பள்ளம் விழாமல் திரும்பி மேலே வர வேண்டும். ஓரங்கள் டின்னைவிட்டு ஒரு நூலளவு விலகியிருக்க வேண்டும். சமையல் தெர்மாமீட்டர் இருந்தால் நடுவில் 96 முதல் 98 டிகிரி. முதல் அரை மணி நேரம் ஓவன் கதவைத் திறக்கவே கூடாது. சோடாவைக் கை போன போக்கில் போட்டாலும் குழி விழும், கூடவே சோப்பு வாடையும் வரும்.

ஃப்ராஸ்டிங் அடிக்க அடிக்க இளகிக்கிட்டே போகுது. ஐசிங் சுகர் கொட்டிக்கிட்டே இருக்கேன், திகட்டுது!

சர்க்கரை கொட்டுவதை நிறுத்துங்கள், அதுதான் இளக வைக்கிறது. சர்க்கரை க்ரீம் சீஸில் இருக்கும் தண்ணீரை வெளியே இழுக்கும். அடிக்க அடிக்கச் சீஸின் கட்டமைப்பும் உடையும்.

வரிசையை மாற்றுங்கள். வெண்ணெயையும் ஐசிங் சுகரையும் மட்டும் முதலில் வெளுத்துப் பஞ்சாகும்வரை அடியுங்கள், ஐந்து நிமிடம்கூட அடிக்கலாம். வெண்ணெய் விரல் அழுத்தினால் பதியும் பதத்தில் இருக்கட்டும், உருகக் கூடாது. பிறகு ஃப்ரிட்ஜிலிருந்து எடுத்த க்ரீம் சீஸை நாலைந்து பங்காகச் சேர்த்து, கட்டி மறைந்ததும் நிறுத்திவிடுங்கள். கட்டியாக விற்கிற க்ரீம் சீஸ்தான் வேண்டும், டப்பாவில் வரும் தடவுகிற வகையில் ஈரம் அதிகம். ஏற்கனவே இளகிப்போனதை அரை மணி நேரம் ஃப்ரிட்ஜில் வைத்தெடுத்துக் கையால் மெதுவாகக் கலந்து பாருங்கள், பெரும்பாலும் தேறிவிடும்.

க்ரீம் சீஸே வேண்டாம்னா?

முந்திரி அல்லது பாதாமை வறுத்து, எண்ணெய் விடும்வரை மிக்ஸியில் விட்டு விட்டு அரைத்த விழுது 150 கிராம், வெண்ணெய் 100 கிராம், ஐசிங் சுகர் 100 கிராம், ஒரு சிட்டிகை உப்பு. அடித்துவிட்டு, தடவும் பதத்துக்குப் பால் இரண்டு டேபிள்ஸ்பூன். நட்ஸ் ருசி தூக்கலாக வேண்டுமென்பவர்களுக்கு நான் இதைத்தான் சொல்வேன். விழுது முழுக்க ஆறிய பிறகே வெண்ணெயோடு சேரட்டும்.

வால்நட் கசக்குது, ஃப்ராஸ்டிங்ல போட்டா மறுநாள் நமத்துப் போயிடுது. என்ன பண்றது?

கசப்புக்குக் காரணங்கள் இரண்டு. வால்நட்டின் மெல்லிய தோலில் இயல்பாகவே கொஞ்சம் துவர்ப்பும் கசப்பும் உண்டு. வறுத்துவிட்டுச் சூட்டோடு ஒரு துணியில் போட்டுத் தேய்த்தால் பாதித் தோல் போய்விடும். இன்னொன்று சிக்கு. வால்நட் கொழுப்பு காற்றும் வெளிச்சமும் பட்டால் சீக்கிரம் கெடும். பழைய பெயின்ட் வாடை வந்தால் வறுத்துச் சரிசெய்ய முடியாது, தூக்கிப் போடுங்கள். வாங்கியதும் ஃப்ரீசரில் வைப்பது நல்லது.

வறுப்பது 170 டிகிரியில் 8 முதல் 10 நிமிடம், முழுசாக. நறுக்குவது பிறகு, ஏனென்றால் பொடித்துண்டுகள் முதலில் கருகும். ஒன்றை உடைத்துப் பாருங்கள், உள்ளே வெளிர் மஞ்சள் போய் இளம் பழுப்பு வந்திருந்தால் போதும். உடனே வேறு தட்டுக்கு மாற்றுங்கள், சூடான தட்டிலேயே விட்டால் கருகும்வரை வெந்துகொண்டிருக்கும்.

நமத்துப்போவதற்குக் காரணம் ஃப்ராஸ்டிங்கின் ஈரம். பாதியை மட்டும் பொடியாக நறுக்கி உள்ளே கலந்து, மீதியை மேலே தூவ வைத்துக்கொள்ளுங்கள்.

பையனுக்கு நட்ஸ் அலர்ஜி. சூரியகாந்தி விதை போட்டேன், கேக்குக்குள்ள பச்சை பச்சையா இருக்கு. பூஞ்சையா?

பயப்படாதீர்கள், பூஞ்சை இல்லை. சூரியகாந்தி விதையிலுள்ள குளோரோஜெனிக் அமிலம் பேக்கிங் சோடாவோடு சேர்ந்தால் பச்சையாகும், அதனால் கெடுதல் இல்லை. அடுத்த முறை விதையைக் கேக்குக்குள் போடாமல் ஃப்ராஸ்டிங்கில் மட்டும் போடுங்கள், அல்லது வறுத்த பூசணி விதைக்கு மாறிவிடுங்கள். விதைப் பாக்கெட்டில் நட்ஸ் கலந்திருக்கலாம் என்ற எச்சரிக்கை இருக்கிறதா என்று ஒவ்வொரு முறையும் படியுங்கள். நட்ஸ் அரைத்த மிக்ஸி ஜாரை அவனுக்கான கேக்குக்குப் பயன்படுத்தவே வேண்டாம்.

கிழங்கு சேர்த்திருக்கறதால சர்க்கரை நோய் உள்ளவங்க சாப்பிடலாமா?

இது கேக். கிழங்கு சேர்ந்ததால் மருந்தாகிவிடாது. சுட்ட கிழங்கிலேயே மால்டோஸ் கூடியிருக்கும் என்று மேலே சொன்னேன், அதற்கு மேல் மைதாவும் ப்ரவுன் சுகரும். எவ்வளவு சாப்பிடலாம் என்பதை அவர்களின் மருத்துவரே சொல்லட்டும்.

சனிக்கிழமை சாயங்காலம் பிறந்தநாள். கடைசி நேரத்துல ஓடாம இருக்க, எதை எப்ப செய்யணும் அக்கா?

வியாழனன்று கிழங்கைச் சுட்டு, மசித்து, மூடி ஃப்ரிட்ஜில் வையுங்கள். வெள்ளியன்று அந்த மசியலை முன்னதாகவே வெளியே எடுத்துச் சில்லிப்பு போகவிட்டுக் கேக்கைச் சுட்டுவிடுங்கள். முழுக்க ஆறியதும் இறுக்கமாகச் சுற்றி வெளியிலேயே வைக்கலாம், ஒரு இரவில் ஜாதிக்காயும் பட்டையும் ஊறி ருசி கூடும். நட்ஸையும் அன்றே வறுத்துக் காற்றுப் புகாத டப்பாவில் போடுங்கள். சனி மதியம் ஃப்ராஸ்டிங் அடித்துத் தடவி ஃப்ரிட்ஜில் வைத்து, வெட்டுவதற்கு முக்கால் மணி நேரம் முன்னால் எடுத்து, மேலே நட்ஸைத் தூவுங்கள். கத்தியை வெந்நீரில் நனைத்துத் துடைத்து, ஒவ்வொரு வெட்டுக்கும் அப்படியே செய்தால் துண்டுகள் பிசிறில்லாமல் வரும். மீந்தது ஃப்ரிட்ஜில் மூன்று நாள் இருக்கும்.