பேசித் தீர்த்திருக்கலாமே என்பவர்களுக்கு

பொறாமையையும் தவறான புரிதலையும் வைத்து எடுத்த மௌனக் கால நகைச்சுவைப் படங்களில், யாராவது ஒருவர் உண்மையைச் சொல்லிவிட்டால் கதையே முடிந்துவிடுமே, இதில் என்ன சிரிப்பு என்று கேட்டிருக்கிறீர்கள். இதையே என் மைத்துனரும் என் வீட்டுக் கூடத்தில் உட்கார்ந்துகொண்டு கேட்டார். அந்த எரிச்சலில்தான் எழுதுகிறேன். நீங்களும் அவரைப் போலக் கைப்பேசியில் இரண்டு நிமிடம் பார்த்துவிட்டு மூடியவராகத்தான் இருப்பீர்கள்.

பொங்கல் விடுமுறையில் நான் போட்டது, லியோ மெக்கேரி இயக்கத்தில் சார்லி சேஸ் நடித்து 1926இல் வந்த ‘மைட்டி லைக் எ மூஸ்’. கணவனுக்குத் துருத்திய பல். மனைவிக்குப் பெரிய மூக்கு. இருவரும் ஒருவருக்கொருவர் தெரியாமல் அவற்றைச் சரிசெய்துகொண்டு, வெளியில் சந்தித்து, அடையாளம் தெரியாமலேயே மயங்குகிறார்கள். உண்மை தெரிந்ததும் கணவன், தான் செய்ததை வசதியாக மறந்துவிட்டு, மனைவிக்குப் பாடம் புகட்டக் கிளம்புகிறான். பொய்ப் பல்லை மாட்டினால் கணவன், கழற்றினால் கள்ளக் காதலன் என்று கதவுக்குக் கதவு ஓடித் தன்னோடு தானே சண்டையிடுகிறான். எழுபதைத் தாண்டிய என் மாமியார், “பாவி, தன்னையே அடிச்சுக்கிறானே!” என்று கண்ணில் நீர் வரச் சிரித்தார்.

பொறாமைக்காரன் கண்ணில் பட்டதை மட்டும் வைத்துத் தீர்ப்பு எழுதுகிறான்; மௌனப் படம் பார்க்கும் நமக்கும் கண்தான் சாட்சி. ஆனால் அவன் பார்க்காத முன்காட்சியை நாம் பார்த்திருக்கிறோம். 1914இல் மேபல் நார்மண்ட் தாமே இயக்கி நடித்த ‘மேபல்ஸ் ஸ்ட்ரேஞ்ச் பிரெடிக்கமென்ட்’டில், விடுதி அறைக்கு வெளியே இரவு உடையோடு மாட்டிக்கொண்ட பெண் எதிர் அறைக் கட்டிலுக்கடியில் ஒளிகிறாள். அந்த அறைக்காரரின் மனைவியும், ஒளிந்திருக்கும் பெண்ணின் காதலனும் அவளை அங்கே கண்டால் என்ன நினைப்பார்கள்? அங்கே நின்று விளக்கம் சொன்னால் மட்டும் யார் நம்புவார்கள்? சாப்ளின் தம் நாடோடி வேடத்தை முதன்முதலில் அணிந்தது இதன் படப்பிடிப்பில்தான். (அந்த வேடத்தோடு முதலில் திரைக்கு வந்தது வேறு படம் என்று திருத்த வருபவர்களே, அதுவும் தெரியும்.)

எல்லாப் படங்களும் இந்தத் தரத்தில் இருக்கின்றன என்று நான் சொல்லவில்லை. வெறும் உதையும் துரத்தலுமாக ஓடுபவை ஏராளம். இணையத்தில் ஏற்றுபவர்களும் தம் பங்குக்கு, ஒவ்வொரு அடிக்கும் ‘டொய்ங்’ என்று ஓசையை ஒட்டிவைத்துப் பார்ப்பவரை விரட்டுகிறார்கள். அப்படிப்பட்ட பிரதி என்றால் ஒலியை நிறுத்திவிட்டுப் பாருங்கள். நாங்கள் இரண்டாம் முறை பார்த்தது அப்படித்தான். மைத்துனரும் எழுந்து போகவில்லை.