கிரிஃபினுக்குக் காது வேண்டும்

அன்புள்ள ஆசிரியருக்கு,

இடைக்கால ஐரோப்பாவில் நடக்கும் ஒரு காமிக்ஸ் வரைகிறேன். நாயகனின் கேடயத்தில் கிரிஃபின் என்ற கற்பனை விலங்கு: கழுகுத் தலை, இறக்கை, நான்கு சிங்கக் கால்கள். வெள்ளைப் பின்னணியில் தங்க நிறம். பார்க்கிறவர்கள் "கழுகுதானே?" என்கிறார்கள். எங்கே பிசகு? படம் இணைத்திருக்கிறேன்.

ஒரு வாசகர்

அன்புள்ள நண்பருக்கு,

கோடு நன்றாகவே வருகிறது. விலங்கைத்தான் திருத்த வேண்டும்.

முதலில் காது. கழுகுக்கு வெளிக்காது கிடையாது. கிரிஃபினுக்கு உண்டு, கூராக, நிமிர்ந்து. சின்னத்தில் தலை மட்டும் வரும்போது அடையாளமே அதுதான். ஸ்கேனியா லாரியின் முத்திரையில் கிரீடம் சூடியிருப்பது கிரிஃபின் தலை. தெற்கு ஸ்வீடனின் ஸ்கோனே மாகாணச் சின்னத்திலிருந்து வந்தது.

அடுத்து கால். முன்னங்கால் இரண்டும் கழுகுடையவை: செதில் மூடிய கால், முன்னே மூன்று விரல், பின்னே ஒன்று, வளைந்த நகம். சிங்கம் இடுப்பில்தான் தொடங்குகிறது. நான்குமே சிங்கக் காலானால் அது ஒபினிகஸ் என்ற வேறு விலங்கு. லண்டன் நாவிதர் சங்கச் சின்னத்தின் உச்சியில் நிற்பது அதுதான். இறக்கை இல்லாமல் உடம்பிலிருந்து முட்கள் கதிர்களாக நீட்டிக்கொண்டிருந்தால் ஆண் கிரிஃபின். அதற்காக இறக்கை உள்ளதெல்லாம் பெண் என்று எடுத்துக்கொள்ள வேண்டாம், இந்தக் கேடயச் சின்னக் கலையில் அவ்வளவு தர்க்கம் எதிர்பார்க்கக் கூடாது. இறகும் ரோமமும் சேருமிடத்தில் நேர்கோடு போட்டிருக்கிறீர்கள்; கழுகு கால்சட்டை மாட்டியதுபோல் இருக்கிறது. இறகு நுனிகளை ரோமத்தின்மேல் ஒழுங்கில்லாமல் படியவிடுங்கள்.

நிறம்தான் பெரிய பிழை. இந்தக் கலையில் தங்க நிறமும் வெள்ளி நிறமும் 'உலோகங்கள்'. வெள்ளியை வெள்ளையாகவே தீட்டுவார்கள். உலோகத்தின்மேல் உலோகம் வைப்பதில்லை, தூரத்திலிருந்து பார்த்தால் உருவம் தெரியாது என்பதால். சிலுவைப் போர்க்கால ஜெருசலேம் அரசின் வெள்ளிமேல் தங்கச் சிலுவை பேர்பெற்ற விதிவிலக்கு. உங்கள் நாயகனுக்கு அந்தச் சலுகை கிடையாது. பால்டிக் கடலோரப் பொமரேனியாவின் சின்னத்தில் வெள்ளிமேல் சிவப்புக் கிரிஃபின், ஸ்வீடனின் ஸோடர்மன்லாந்து மாகாணத்தில் தங்கத்தின்மேல் கறுப்பு. தங்க விலங்குதான் வேண்டுமென்றால் பின்னணியை நீலமாக்குங்கள், நாக்கும் நகமும் சிவப்பு.

பிறகு, கேடயத்தின் நடுவில் சிறிதாக நிறுத்தாதீர்கள். பின்னங்காலில் எழும்பி, இறக்கை விரித்து, வால் ஒரு மூலையை அடைக்கட்டும். உடம்பை ஒடுக்கி, இடைவெளிகளை ஏறக்குறைய சமமாக விட்டால் போதும். முழுக்கக் கறுப்பு நிரப்பி, 2 செ.மீ. அளவுக்குச் சுருக்கிப் பாருங்கள். அப்போதும் காதும் முன்னங்கால் விரல்களும் தெரிந்தால் சரி.

முகம் பார்ப்பவரின் இடப்பக்கம் திரும்பியிருக்க வேண்டும், அதுதான் கேடயம் ஏந்துபவரின் வலம். இதைச் சரியாகவே செய்திருக்கிறீர்கள். ஆனால் நாலாம் பக்கத்துக் கொடியில் சறுக்கிவிட்டது: கொடியில் விலங்கு கம்பத்தைப் பார்க்கும், ஆகவே மறுபுறம் திரும்பும்போது படமும் திரும்ப வேண்டும். குதிரைப் போர்வையிலும் அப்படித்தான், இரு பக்கமும் குதிரையின் தலையை நோக்கியே வரையுங்கள்.