புரத டப்பா வாங்கும் முன்: மூன்று வாசகர் கேள்விகள்

கேள்வி: என் அம்மாவுக்கு 68 வயது, எடை 55 கிலோ. முட்டை சாப்பிடுவார், மீன், கறி தொடமாட்டார். உடம்பு தளர்ந்துபோகிறது என்றதும் மருந்துக் கடையில் 400 கிராம் புரதப் பவுடர் டப்பா ஒன்றை 680 ரூபாய்க்குக் கொடுத்தார்கள். தினமும் பாலில் இரண்டு ஸ்பூன் போதுமாம். மாதாமாதம் வாங்கலாமா? (வாசகி, ஈரோடு)

பதில்: நீங்கள் அனுப்பிய படத்தில், டப்பாவின் பின்பக்கம் 100 கிராமுக்கு 34 கிராம் புரதம் என்று இருக்கிறது. அப்படியென்றால் டப்பா முழுவதிலும் இருப்பது 136 கிராம். ஒரு கிராம் புரதத்துக்கு 5 ரூபாய் கொடுத்திருக்கிறீர்கள். 7 ரூபாய் முட்டையில் 6 கிராம் கிடைக்கிறது. கிராம் ஒரு ரூபாய்க்குச் சற்று மேல். கிலோ 100 ரூபாய்க்குக் கொண்டைக்கடலை வாங்கினால் கிராம் அரை ரூபாயை ஒட்டித்தான் வரும். மீல் மேக்கரில் பாதிக்குமேல் புரதம்தான்.

அம்மா குடிக்கும் இரண்டு ஸ்பூன் சுமார் 20 கிராம் பவுடர். அதில் 7 கிராம் புரதம், ஏறக்குறைய ஒரு முட்டை அளவு. மீதி என்ன என்பதையும் பார்க்க வேண்டும். உட்பொருள்களை எடையில் அதிகமானதில் தொடங்கி வரிசையாக அச்சிட வேண்டும் என்பது விதி. உங்கள் டப்பாவில் இரண்டாவது இடத்தில் சர்க்கரை, மூன்றாவதாக மால்டோடெக்ஸ்ட்ரின் (உடலில் சட்டென்று சர்க்கரையாக மாறும் மாவுப்பொருள்). அம்மாவுக்குச் சர்க்கரை நோய் இருந்தால் இந்த வரிகள்தான் முக்கியம்.

இந்திய மருத்துவ ஆராய்ச்சிக் குழுமம் 2020இல் பரிந்துரைத்த அளவு, கிலோ எடைக்கு நாளொன்றுக்கு 0.83 கிராம். அம்மாவுக்கு 46 கிராம் வருகிறது. முதியோருக்கு இன்னும் கொஞ்சம் கூடுதலாக வேண்டும் என்று பல நிபுணர்கள் சொல்கிறார்கள். 200 கிராம் அரிசியில் 15, 50 கிராம் துவரம்பருப்பில் 11, ஒரு முட்டையில் 6, ஒரு டம்ளர் பாலில் 6, ஒரு கைப்பிடி சுண்டலில் 6, ஒரு கிண்ணம் தயிரில் 3. கூட்டினால் 47. இன்னொரு முட்டை சேர்த்தால் 50 தாண்டிவிடும்.

"பருப்பில் இருப்பது முழுமையான புரதம் இல்லை" என்றும் கடைக்காரர் சொன்னதாக எழுதியிருக்கிறீர்கள். பாதிதான் சரி. புரதம் 20 வகை அமினோ அமிலங்களால் ஆனது; அவற்றில் 9 உணவிலிருந்தே வந்தாக வேண்டும். அந்த ஒன்பதில் லைசின் என்பது அரிசியில் குறைவு. பருப்பில் லைசின் தாராளம், மெத்தியோனின் என்ற இன்னொன்று குறைவு. சாம்பார் சாதத்தில் ஒன்றின் குறையை மற்றது ஈடுகட்டிவிடுகிறது. ஒரே வேளையில் சேர வேண்டும் என்றுகூட இல்லை, ஒரு நாளுக்குள் சேர்ந்தால் போதும்.

பல் இல்லை, சாப்பாடே இறங்கவில்லை என்றால் மருத்துவர் சொல்லிப் பவுடர் கொடுப்பது வேறு விஷயம். சிறுநீரகக் கோளாறு இருந்தால் மட்டும் அவரைக் கேட்காமல் புரதத்தைக் கூட்டாதீர்கள்.

கேள்வி: கொலாஜன் பவுடர் குடித்தால் முகச்சுருக்கம் போகுமா? "சைவ கொலாஜன்" என்று ஒன்று விற்கிறார்களே? (வாசகி, மதுரை)

பதில்: தோல், எலும்பு, தசைநார் இவற்றைத் தாங்கிப் பிடிக்கும் புரதம் கொலாஜன். முடியில் இருப்பது கெரட்டின், இரத்தத்தில் ஆக்சிஜனைச் சுமப்பது ஹீமோகுளோபின். இன்சுலினும் புரதம்தான். அதை ஏன் மாத்திரையாகக் கொடுப்பதில்லை? விழுங்கினால் வயிறு அதையும் பருப்பைப் போலவே செரித்துவிடும். கொலாஜனுக்கும் அதே கதிதான். அமினோ அமிலங்களாகவும் சிறு துண்டுகளாகவும் உடைந்துதான் இரத்தத்தில் சேரும். நேரே கன்னத்துக்குப் போய் ஒட்டாது.

கொலாஜன் விலங்குகளின் உடலில் உண்டாவது. பவுடருக்கு மீன் தோலிலிருந்தோ மாட்டுத் தோலிலிருந்தோ எடுப்பது வழக்கம். பச்சைக் குறி போட்ட "சைவ கொலாஜன்" டப்பாக்களைத் திருப்பினால் பெரும்பாலும் வைட்டமின் சி, சில மூலிகைச் சாறுகள், அமினோ அமிலங்கள்தான் இருக்கும். உடல் கொலாஜன் செய்ய வைட்டமின் சி தேவை என்பது உண்மை. அது நெல்லிக்காயில் கிடைக்கிறது.

இன்னொன்று: கொலாஜனில் டிரிப்டோபான் என்ற அத்தியாவசிய அமினோ அமிலம் அறவே இல்லை. புரத பார் (புரதம் சேர்த்த தின்பண்டக் கட்டி) வாங்கும்போதும் அதன் புரதம் கொலாஜனிலிருந்து வருகிறதா, வேறு எதிலிருந்தாவதா என்று பாருங்கள்.

கேள்வி: ஜிம்முக்குப் போகிறேன். வழக்கமாக 6,000 ரூபாய்க்கு விற்கும் 2 கிலோ வே புரோட்டீன் டின் இணையத்தில் 2,400க்குக் கிடைத்தது. கரையவே மாட்டேன் என்கிறது, மாவு வாடை வருகிறது. போலியா? (கல்லூரி மாணவர், சேலம்)

பதில்: தம்பி, சீஸ் செய்யும்போது மிஞ்சும் தெளிநீரில் இருப்பதுதான் வே. பால் புரதத்தில் ஐந்தில் ஒரு பங்குதான் அது. உன் டின்னில் எழுதியிருக்கும் ஒரு ஸ்கூப்பின் 24 கிராம் வேயை எடுக்கச் சுமார் 4 லிட்டர் பால் வேண்டும். பாதிக்கும் கீழே விலை என்றால் சந்தேகப்பட்டே ஆக வேண்டும்.

ஒரு ஸ்பூன் பவுடரைத் தண்ணீரில் கலக்கி ஒரு சொட்டு அயோடின் விட்டுப் பார். கருநீலமானால் மாவு கலந்திருக்கிறது. நிறம் மாறவில்லை என்பதற்காகச் சுத்தம் என்று நம்பிவிடாதே. ஏனென்றால் ஏமாற்ற வேறு வழியும் உண்டு. 1883இல் டென்மார்க் வேதியியலாளர் கெல்டால் கண்டுபிடித்த முறை இன்றும் புழக்கத்தில் இருக்கிறது: புரதத்தை நேரே அளக்காமல், அதிலுள்ள நைட்ரஜனை அளந்து 6.25ஆல் பெருக்கிப் புரதம் என்று எழுதுவார்கள். நைட்ரஜன் உள்ள மலிவான எதைக் கலந்தாலும் எண் ஏறிவிடும். 2008இல் சீனாவில் இப்படித்தான் பாலில் மெலமைன் என்ற பிளாஸ்டிக் தொழிற்சாலை வேதிப்பொருளைக் கலந்தார்கள். 6 குழந்தைகள் இறந்தன, சுமார் 3 லட்சம் குழந்தைகள் பாதிக்கப்பட்டன. புரதப் பவுடரில் இதே வேலையைக் கிளைசின், டாரின் என்ற மலிவான அமினோ அமிலங்களைக் கலந்து செய்கிறார்கள். உட்பொருள்களில் இவை தனியே இருந்தால் 24 கிராம் என்ற எண்ணை நம்பாதே.

டின்னில் 14 இலக்க உணவு உரிம எண்ணும், இறக்குமதிச் சரக்கென்றால் இறக்குமதியாளர் முகவரியும் இருக்க வேண்டும். அந்த எண் யார் பெயரில் இருக்கிறது என்று உணவுப் பாதுகாப்பு ஆணையத்தின் தளத்தில் பார்க்கலாம். இனிமேல் அந்த டின்னைத் தொடாதே, தூக்கியும் போடாதே. டின், பில், பார்சல் உறை மூன்றும் சாட்சி. முதலில் விற்ற தளத்தின் குறைதீர் அலுவலருக்கு எழுது. 2020 மின்வணிக விதிப்படி 48 மணி நேரத்தில் பெற்றுக்கொண்டதாகச் சொல்லி, ஒரு மாதத்துக்குள் தீர்வு தர வேண்டும். மாவட்ட உணவுப் பாதுகாப்பு அலுவலகத்திலும் புகார் கொடு, மாதிரி எடுக்கும் அதிகாரம் அவர்களுக்கு உண்டு. தேசிய நுகர்வோர் உதவி எண் 1915. அப்புறமும் பணம் வரவில்லை என்றால் சேலம் மாவட்ட நுகர்வோர் ஆணையத்திலேயே வழக்குப் போடலாம். விற்றவர் எந்த ஊரில் இருந்தாலும் சரி. இந்தத் தொகைக்குக் கட்டணம் கிடையாது, இரண்டு ஆண்டுக்குள் போட வேண்டும்.